கட்டளை என்று நான் சொன்னது

இந்த நாற்காலியில் அடுத்து உட்காரப் போகிறவர்களுக்கு எழுதுகிறேன்.

ஓய்வு பெற்றவர்கள்தான் இப்படி எழுதுவார்கள் என்று நகைக்கடன் மேஜையில் இருக்கும் சேகர் அண்ணன் சிரிக்கிறார். "இன்னா கிரேஸு, பென்ஷன் வாங்கப் போறியா?" என்கிறார். எனக்கு இருபத்தேழு வயது. நான்கு வருடம் எங்கள் வங்கிக் கிளையின் உதவி மேஜையில் இருந்தேன். வேறு வேலை கிடைத்து இந்த மாதக் கடைசியில் போகிறேன். நான்கு வருடம் ஒன்றும் பெரிய அனுபவம் இல்லை. ஆனால் ஒரு தப்பு செய்திருக்கிறேன். அதை என்னோடு எடுத்துக்கொண்டு போய்விட்டால், அதே தப்பை நீங்கள் முதலிலிருந்து செய்ய வேண்டியிருக்கும்.

எந்த விண்ணப்பம் எங்கே போகும், எந்தத் திரையில் எதை அழுத்த வேண்டும் என்பதையெல்லாம் ஒரு வாரத்தில் கற்றுக்கொள்வீர்கள். அதை நான் எழுதவில்லை. இந்த மேஜைக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் ஒரே மாதிரி வருவார்கள். பாஸ்புக்கை விரித்து, ஒரு வரியின் மேல் நகத்தை வைத்து, "இது இன்னா?" என்பார்கள். அந்த வரியில் ஆங்கில எழுத்துகளும் எண்களும் ஒன்றோடொன்று ஒட்டிக் கிடக்கும். பெரும்பாலும் அது படமும் சீரியலும் பார்க்கிற ஏதாவது ஓடிடி சந்தாவாக இருக்கும். ஆப்புக்கு ஒரு பெயர், பாஸ்புக்கில் அந்தக் கம்பெனிக்கு இன்னொரு பெயர். முதல் மாதம் இலவசம் என்று யாரோ எப்போதோ ஒரு பொத்தானை அழுத்தியிருப்பார்கள். ஆப்பை அழித்துவிட்டோமே, இன்னும் ஏன் போகிறது என்பார்கள். ஆப்பை அழித்தாலும் சந்தா அழியாது. இதைச் சொல்லிச் சொல்லியே என் தொண்டை காய்ந்தது.

வந்த புதிதில் எனக்கு ஒரு வேகம் இருந்தது. மேனேஜரிலிருந்து வாட்ச்மேன் வரை எல்லோரும் வாடிக்கையாளர்களிடம் இங்கிலீஷ் வார்த்தைகளை அப்படியே தூக்கிப் போடுகிறார்கள் என்று கோபம். மேண்டேட், ஆட்டோ டெபிட், ஸ்டாண்டிங் இன்ஸ்ட்ரக்ஷன். நெசவுத் தெருவிலிருந்து வருகிற ஒருவர் இதைக் கேட்டு என்ன புரிந்துகொள்வார்? ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க உட்கார்ந்து ஒவ்வொன்றுக்கும் தமிழ் தேடி, அழகாகத் தட்டச்சு செய்து, மேஜைக் கண்ணாடிக்கு அடியில் வைத்தேன். மாதாமாதம் தானாகவே பணம் போகிறதல்லவா, அந்த ஏற்பாட்டுக்கு நான் வைத்த பெயர் 'நிலையான கட்டளை'. மேனேஜர் அதைப் படம் எடுத்து மற்ற கிளைகளுக்கு அனுப்பினார். இரண்டு நாள் நான் தரையில் நடக்கவில்லை.

இங்கே என்னைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். நான் கூரம் பக்கத்துக் காலனியில் பிறந்தவள். எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமை என்றால் சபை. கட்டளை என்றால் எங்களுக்குப் பைபிளில் இருக்கிற பத்து. வேறு கட்டளை எதுவும் என் காதில் விழுந்ததில்லை. இந்த ஊரில் எத்தனையோ கோயில் வாசல்களைத் தாண்டித்தான் தினமும் வேலைக்கு வந்தேன். ஒன்றிலும் உள்ளே போனதில்லை. யாரும் போகாதே என்று சொல்லவில்லை. அந்தப் பழக்கம் எங்களுக்கு இல்லை, அவ்வளவுதான்.

தணிகாசலம் ஐயா முதல் தடவை வந்தது ஒரு மத்தியானம். அறுபது வயதிருக்கும். பட்டு நெய்கிறவர். நெற்றியில் திருநீறு, சட்டைப் பையில் பட்டன் போன். மனைவி இறந்து ஒரு மாதம் ஆகியிருந்தது. அது எனக்கு அப்போது தெரியாது. கையில் நான்காக மடித்த ஒரு படிவம்.

"கட்டளை ஒண்ணு போடணும்மா" என்றார்.

எனக்கு எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். கண்ணாடிக்கு அடியில் இருக்கிற என் சொல்லை ஒருவர் படித்துவிட்டு, அதே சொல்லால் கேட்கிறார். அவர் அந்தத் தாளைப் பார்க்கவே இல்லை என்பது எனக்குத் தோன்றவில்லை. படிவத்தை வாங்கிப் பிரிக்காமலே கணக்கு எண்ணைக் கேட்டுத் திரையைப் பார்த்தேன்.

"ஐயா, உங்க கணக்குல ஏற்கெனவே ஒரு கட்டளை ஓடிக்கினு இருக்குதே. மாசம் இருநூத்தித் தொண்ணூத்தொம்பது ரூபா."

அவர் மெதுவாக, "எப்போலேர்ந்து?" என்றார்.

"ரெண்டு மாசமா. கார்டு நம்பர் போட்டு, போன்லயே செஞ்சிருக்காங்க."

"போன்லயா?"

"ஆமாய்யா. அதை நிறுத்திடவா, இருக்கட்டுமா?"

மேஜை விளிம்பை அவர் பிடித்துக்கொண்டார். கண் நிறைந்துவிட்டது. "நிறுத்தாதம்மா. எப்பவும் நிறுத்தாத" என்றார். படிவத்தை மறுபடியும் நான்காக மடித்துப் பையில் வைத்தார். போகும்போது என்னைப் பார்த்துக் கை கூப்பினார். படிவம் இல்லை, கையெழுத்து இல்லை, இரண்டே நிமிடத்தில் ஒருவருக்கு வேலை முடிந்தது என்று நான் அடுத்த டோக்கனைக் கூப்பிட்டேன்.

ஒரு பெரியவர் இருநூற்றுச் சொச்ச ரூபாய்க்கு ஏன் அழ வேண்டும் என்று நான் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. வரிசையில் ஒன்பது பேர் இருந்தார்கள் என்பது ஒரு காரணம். கை கூப்பியது எனக்குப் பிடித்திருந்தது என்பது இன்னொரு காரணம்.

பதினொரு மாதம் கழித்து ஒரு திங்கட்கிழமை மறுபடியும் வந்தார். பாஸ்புக்கை விரித்து, வரியின் மேல் நகத்தை வைத்தார். ஆனால் எல்லோரும் கேட்பது போல, இது என்ன என்று கேட்கவில்லை.

"கட்டளை ரேட்டு ஏத்திட்டாங்களாம்மா? போன மாசம் நூறு ரூபா கூடப் போயிருக்குது. கொடுக்கலாம், நல்ல காரியந்தான். தெரிஞ்சிக்கலாம்னு கேட்டேன். வர்ற வியாழக்கிழமை பிரதோஷம். பொண்ணு ஸ்ரீபெரும்புதூர்லேர்ந்து வருது. வருஷம் முடிஞ்சிடுச்சி, மொத தடவையா உள்ளே போறோம். பலகையில அவ பேரு இருக்கறத பொண்ணுக்குக் காட்டணும். பாக்கி கீக்கி இருந்து பேரு விட்டுப் போச்சின்னா நல்லா இருக்காது பாரு."

"எந்தப் பலகைங்கய்யா?"

"கோயில் பலகைம்மா. கட்டளைக்காரங்க பேரு எழுதுவாங்களே, சாக்பீஸ்ல."

அந்த வரியைப் பார்த்தேன். பதினொரு மாதத்துக்கு முன்பு பார்த்த அதே எழுத்துக் குவியல். அப்போதைவிட இப்போது எனக்கு அனுபவம் கூடியிருந்தது. படிக்கத் தெரிந்தது. அது ஒரு ஓடிடி கம்பெனி. நூறு ரூபாய் கூடியது அவர்கள் சந்தாவை ஏற்றியதால்.

"நாளைக்குப் பார்த்துச் சொல்றேங்கய்யா" என்றேன்.

அவர் போன பிறகு சேகர் அண்ணனிடம் போய், கோயில் கட்டளை என்றால் என்ன என்று கேட்டேன். தராசைத் துடைத்துக்கொண்டிருந்தவர் நிமிர்ந்து பார்த்தார்.

"இது தெரியாதா உனக்கு? கோயிலுக்கு மாசாமாசம் இன்ன பூஜை என் செலவுன்னு எழுதி வைக்கறது. பிரதோஷத்துக்குப் பால், வெளக்குக்கு எண்ணெய், அந்த மாதிரி. போடறவங்க பேரைச் சொல்லிப் பூஜை நடக்கும். இன்னாத்துக்குக் கேக்கற?"

சொன்னேன். அவர் துணியைக் கீழே வைத்தார். இருவரும் என் மேஜைக் கண்ணாடியைப் பார்த்தோம்.

தணிகாசலம் ஐயாவின் தெருவில்தான் சேகர் அண்ணனின் மாமியார் வீடு. அவருக்கு விஷயம் தெரிந்திருந்தது. ஐயாவின் மனைவி மரகதம். சிறுநீரகக் கோளாறில் ஆறு மாதம் படுக்கையில் இருந்தார். தெருக்கோடிச் சிவன் கோயிலில் பிரதோஷத்துக்கு ஒரு கட்டளை எழுதிவிடச் சொல்லிக் கணவரைக் கேட்டுக்கொண்டே இருந்தாராம். இன்றைக்கு நாளைக்கு என்று ஐயா தள்ளிப்போட்டார். ஆஸ்பத்திரிச் செலவு அப்படி. அம்மா போன பிறகு அந்தக் குறை அவரைத் தின்றது. கோயில் கட்டளைப் படிவத்தை ஆள் விட்டு வாங்கிக்கொண்டு, பணம் மாதாமாதம் போக ஏற்பாடு செய்ய வங்கிக்கு வந்தார். திரும்பிப் போய்த் தெரு முழுக்கச் சொன்னாராம்: "நான் செய்யாதத அவளே போன்ல செஞ்சிட்டுப் போயிருக்கா." வருடம் முடியும் வரை துக்க வீட்டுக்காரர் கோயிலுக்குள் போகக் கூடாது என்பது அவர்கள் வீட்டு வழக்கம். அதனால் ஒவ்வொரு பிரதோஷத்துக்கும் மணி அடிக்கும்போது தறியை நிறுத்திவிட்டு, வாசலில் வந்து கோயில் பக்கம் பார்த்து நிற்பார். உள்ளே மரகதத்தின் பெயரால் பால் ஊற்றுகிறார்கள் என்று நம்பி நின்றார். பதினொரு மாதம் நின்றார். பலகையில் பெயர் இல்லாததைத் தெருவில் யாரும் கவனிக்கவில்லையோ, கவனித்தும் சொல்ல மனம் வரவில்லையோ, தெரியவில்லை.

அந்தப் பதினொரு மாதமும் பணம் போனது சினிமாக் கம்பெனிக்கு.

"சொல்லாத" என்றார் சேகர் அண்ணன். கெட்ட எண்ணம் இல்லை அவருக்கு. "யோசிச்சிப் பாரு. சந்தாவ இன்னிக்கே நிறுத்து. நாம ரெண்டு பேரும் கோயில் ஆபீஸ்ல போயி அந்தம்மா பேர்ல கட்டளை எழுதிடுவோம். நான் பாதி போடறேன். வியாழக்கிழமை போவாரு, பலகையில பேரு இருக்கும், கும்பிட்டு வருவாரு. யாருக்கு இன்னா நட்டம்?"

எனக்கும் அது சரியாகத்தான் பட்டது. சொல்லப் போனால் எனக்கு உயிர் வந்தது. இதை உங்களிடம் மறைக்க விரும்பவில்லை: முதலில் எனக்கு வந்த நிம்மதி அவருக்காக வந்தது இல்லை. என் தப்பு வெளியே வராது என்பதற்காக வந்தது.

செவ்வாய்க்கிழமை மாலை வேலை முடிந்ததும் கோயிலுக்குப் போனேன். சேகர் அண்ணன் கடைசி நேரத்தில் நகை சரிபார்ப்பில் மாட்டிக்கொண்டார். வாசலில் செருப்பை விட்டுவிட்டு எந்தப் பக்கம் போக வேண்டும் என்று தெரியாமல் நின்றேன். பூக்காரம்மா கை காட்டினார். சின்ன அறை. எழுத்தர் ஒருவர் பெரிய பதிவேட்டை விரித்து வைத்துக்கொண்டிருந்தார்.

"பிரதோஷக் கட்டளை ஒண்ணு எழுதணும் சார்."

"பேரு?"

"மரகதம்."

"நீங்களா?"

"இல்ல சார். அவங்க இறந்துட்டாங்க."

"அப்ப ஞாபகார்த்தம். போடறவரு யாரு?"

"தணிகாசலம். அவங்க வீட்டுக்காரர்."

"அவரு நட்சத்திரம் சொல்லும்மா."

ஐயாவின் கணக்கு எண், ஆதார் கடைசி நான்கு எண், பிறந்த தேதி எல்லாம் எனக்குத் தெரியும். அந்தப் பிறந்த தேதியும் பள்ளிக்கூடத்தில் வாத்தியார் எழுதியது. அவர் வயதுக்காரர்கள் பாதிப் பேருக்கு எங்கள் கணினியில் ஒரே பிறந்த நாள்தான். நட்சத்திரம் எந்தத் திரையிலும் இல்லை.

"தெரியாது சார். கேட்டுச் சொல்றேன். இப்ப எழுதிக்கோங்களேன், பணம் கட்டிடறேன்."

எழுத்தர் பேனாவை மூடினார். கோபமெல்லாம் இல்லை. "பணம் இன்னிக்குக் கட்டினாலும் ஒண்ணுதான், நாளைக்குக் கட்டினாலும் ஒண்ணுதான். போடறவரு வாயால சொல்லணும்மா. அவருக்குத் தெரியாம நான் எழுதினா அதுக்குப் பேரு கட்டளை இல்ல, ரசீது."

வெளியே வந்து செருப்பைத் தேடினேன். நட்சத்திரத்தைக் கேட்க வேண்டுமென்றால் அவரிடம்தான் கேட்க வேண்டும். எதற்கென்று அவர் கேட்பார். அதற்கு ஒரு பொய். பிறகு அந்தப் பொய்க்கு முட்டுக் கொடுக்க இன்னொன்று. எங்கள் வீட்டுக் கட்டளைகளில் ஒன்று பொய்ச்சாட்சியைப் பற்றியது. சின்ன வயதில் மனப்பாடமாக ஒப்பித்தபோது, பொய்ச்சாட்சி என்பது கோர்ட்டில் கூண்டில் ஏறிச் சொல்வது என்று நினைத்திருந்தேன். கோயில் பலகையில் ஒருவருக்குத் தெரியாமல் அவர் மனைவி பெயரை எழுதிவைப்பதும் அதுதான் என்று அன்றைக்குத் தோன்றியது.

புதன்கிழமை காலை, வேலைக்குப் போகும் முன்பு அவர் வீட்டுக்குப் போனேன்.

தறியில் பழைய பாவு நூல் தீர்ந்து, புதுப் பாவை அதோடு இழை இழையாகப் பிணைத்துக்கொண்டிருந்தார். பழைய இழை ஒன்று, புது இழை ஒன்று, விரலில் சாம்பல் தொட்டு ஒரு முறுக்கு. ஆயிரக்கணக்கில் இருக்கும். என்னைப் பார்த்ததும், "இரும்மா, வரிசை விட்டுடும்" என்றார். நின்றேன். ஒரு கை அளவு முடித்துவிட்டு, "இன்னா, பாக்கி ஏதாச்சும் இருக்குதா?" என்றார்.

"பாக்கி இல்லைங்கய்யா. அது கட்டளை இல்லை."

"எது?"

"மாசாமாசம் போகுதே, அது. கோயிலுக்குப் போகலை. போன்ல படம் பார்க்கிற கம்பெனிக்குப் போயிருக்குது. நான்தான் அன்னிக்குக் கட்டளைன்னு சொல்லிட்டேன். எங்க பேங்குல தானாப் போற பணத்துக்கு நான் அப்படிப் பேரு வச்சிருந்தேன். கோயில்ல கட்டளைன்னு ஒண்ணு இருக்கறது எனக்குத் தெரியாது. நீங்க கொண்டாந்த படிவத்தைப் பிரிச்சிக்கூடப் பார்க்கலைங்கய்யா."

ஒரே மூச்சில் சொல்லிவிட்டேன். வழியெல்லாம் ஒத்திகை பார்த்துக்கொண்டு வந்தது. அதில் அம்மா போனில் தெரியாமல் எதையோ அழுத்திவிட்டார்கள் என்ற ஒரு வரியும் இருந்தது. உண்மைதான் அது. ஆனால் அதை முதலில் சொன்னால் பழி அந்த அம்மா மேல் போய் உட்கார்ந்துவிடும். அதை விட்டுவிட்டேன்.

அவர் கையில் இருந்த இரண்டு இழைகளையும் பார்த்துக்கொண்டிருந்தார். அவற்றை முறுக்கி முடித்தார். பிறகு கையைத் தொடையில் துடைத்தார்.

"ஆஸ்பத்திரியில இருக்கறப்ப அவ கார்டு நம்பரு கேட்டா. நான்தான் படிச்சிக் காட்டினேன். இன்னாத்துக்குன்னு கேட்டதுக்கு, ஒரு வேலை இருக்குதுன்னா. நீ கட்டளைன்னு சொன்னதும் எனக்கு அதுதான் ஞாபகம் வந்துது. அதுக்குத்தான் கேட்டிருக்கான்னு நெனைச்சேன்."

"ஆமாங்கய்யா. அந்த நம்பர்தான்."

"அப்ப கோயில்ல ஒண்ணும் நடக்கல."

"நடக்கலைங்கய்யா."

"பதினோரு மாசமும்."

நான் தலையை ஆட்டினேன். தெருவில் யாரோ வண்டியை உதைத்துக் கிளப்பிக்கொண்டிருந்தார்கள். கிளம்பவில்லை, மறுபடியும் உதைத்தார்கள். அது ஓடிப் போகும் வரை அவர் பேசவில்லை.

புதியவர்களே, இந்த இடத்தில் உங்களுக்கு எதையாவது சொல்லி நிரப்பத் தோன்றும். பணத்தைத் திருப்பி வாங்கித் தருகிறேன், புகார் எழுதித் தருகிறேன் என்று. எனக்கும் நாக்கு நுனி வரை வந்தது. அவர் இழந்தது பணம் இல்லை. பணத்தைப் பற்றிப் பேசினால் அவர் இழந்ததை நான் சின்னதாக்குகிறேன் என்று ஆகும். வாயை மூடிக்கொண்டு நின்றது ஒன்றுதான் அன்றைக்கு நான் உருப்படியாகச் செய்தது.

அவர் எழுந்து அலமாரியிலிருந்து ஒரு பெரிய போனை எடுத்து வந்தார். மரகதம் அம்மாவின் போன். வங்கியில் பதிந்திருந்த எண் அதில்தான். மகள் கூப்பிட்டால் எடுப்பதற்காக மட்டும் அதைச் சார்ஜில் வைத்திருந்தார். மாதாமாதம் வங்கி அனுப்பிய தகவல் எல்லாம் திறக்காமலே கிடந்தது.

"அவ இன்னா பார்த்தான்னு இதுல தெரியுமா?"

தெரியும். ஆப்பைத் திறந்து பார்த்தேன். சினிமா ஒன்றுகூட இல்லை. எல்லாம் சமையல். கத்திரிக்காய்க் குழம்பு, கருவாட்டுத் தொக்கு, மாங்காய் ஊறுகாய், மோர் மிளகாய். வரிசையாகப் படித்தேன்.

அவர் முகத்தில் ஏதோ அசைந்தது. "உப்பில்லாத கஞ்சிதான் டாக்டர் குடுக்கச் சொன்னாரு. குடிச்சிக்கினே இதப் பார்த்துக்கினு இருந்திருக்கா" என்றார். "ஊறுகாய் கேட்டா. நான் குடுக்கல." சிரிக்கத்தான் தொடங்கினார். பாதியில் அது வேறு ஏதோவாக ஆனது. நான் தறியைப் பார்த்தேன்.

போனைக் காட்டி, "இத நிறுத்தும்மா" என்றார்.

"இருக்கட்டும்னாலும் இருக்கட்டும்ங்கய்யா. உங்க விருப்பம்."

"அவ பார்க்கறதுக்குப் போட்டது. பார்க்க ஆள் இல்ல. நிறுத்து."

சந்தாவை நிறுத்தும் பக்கம் எப்படி இருக்கும் என்று நீங்களும் நூறு தடவை பார்ப்பீர்கள். ஒரே அழுத்தில் விட மாட்டார்கள். அது இங்கிலீஷில் கேட்கக் கேட்க நான் தமிழில் சொன்னேன். "நிச்சயமாப் போறீங்களான்னு கேக்குதுங்கய்யா." ஆமாம் என்றார். "போனா இதெல்லாம் இனிமே பார்க்க முடியாதுன்னு சொல்லுது." சரி என்றார். "ஒரு மாசம் கம்மி விலைக்குத் தர்றோம், இருங்கன்னு சொல்லுது." வேணாம் என்றார். "ஏன் போறீங்க, காரணம் சொல்லுங்கன்னு கேக்குது." அதில் நான்கைந்து காரணங்கள் கொடுத்திருந்தார்கள். எதுவும் பொருந்தவில்லை. மற்றவை என்பதைத் தொட்டேன்.

"எத்தினி தடவ கேக்குது பாரு" என்றார். "அவ போறப்ப ஒருத்தனும் கேக்கல."

கடைசிப் பொத்தானை அவரே அழுத்தினார். சாம்பல் பட்ட விரல் என்பதால் முதல் தடவை போன் ஏற்கவில்லை. வேட்டியில் துடைத்துவிட்டு மறுபடியும் அழுத்தினார்.

நான் கிளம்பும்போது, "சாயங்காலம் கோயில் ஆபீசுக்கு வர்றியா? படிவம் எழுதணும்" என்றார். ஏன் என்னைக் கூப்பிட்டார் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. போனேன். எழுத்தர் என்னை அடையாளம் கண்டுகொண்டு எதுவும் சொல்லாமல் பதிவேட்டைத் திறந்தார்.

"நட்சத்திரம்?"

"ரேவதி."

"எந்த மாசத்திலேர்ந்து எழுத?"

நான் முந்திக்கொண்டேன். அத்தனைக்குப் பிறகும் இந்த வேகம் என்னை விட்டுப் போகவில்லை. "போன பதினோரு மாசத்துக்கும் சேர்த்து நான் கட்டிடறேங்கய்யா. அதுலேர்ந்தே எழுதட்டும்."

தணிகாசலம் ஐயா என் பக்கம் திரும்பினார். அதட்டவில்லை. ஆனால் அந்தப் பார்வையை நான் மறக்க மாட்டேன்.

"நடக்காத பூஜைய நடந்துதுன்னு எழுதக் கூடாதும்மா. இந்த மாசத்திலேர்ந்து எழுதுங்க சாமி."

வியாழக்கிழமை அவர் மகளோடு போனார். எனக்கு வேலை, போகவில்லை. சேகர் அண்ணன் போய்விட்டு வந்து சொன்னார். பலகையில் நான்காவது பெயராம், 'மரகதம் அம்மாள் நினைவாக' என்று. மகளிடம் ஐயா எல்லாவற்றையும் சொல்லியிருந்தாராம், சமையல் உட்பட. அந்தப் பெண் பலகையைப் பார்த்துக்கொண்டு ரொம்ப நேரம் நின்றதாம்.

கம்பெனிக்கு எழுதிப் போட்டேன். கடைசியாகப் போன ஒரு மாதப் பணம் மட்டும் திரும்பி வந்தது. கண்ணாடிக்கு அடியில் இருந்த என் தாளை எடுத்துவிட்டேன். அந்தச் சொற்கள் எல்லாம் தப்பில்லை. ஆனால் ஒரு சொல்லை நான் சொல்லும்போது எதிரே இருப்பவர் காதில் எது விழுகிறது என்று எனக்குத் தெரியாது. அதனால் இப்போது நான் எதற்கும் பெயர் சொல்வதில்லை. முதலில் அவர்களிடமே கேட்கிறேன்: இது என்னன்னு நீங்க நினைச்சிக்கினு இருக்கீங்க? திருட்டு என்பார்கள், மகன் வேலை என்பார்கள், வட்டி என்பார்கள். சொல்லி முடிக்கட்டும். பிறகு திரையைப் பாருங்கள். நிறுத்தவா என்று அதற்கும் பிறகு கேளுங்கள். வரிசையில் ஒன்பது பேர் இருந்தாலும்.

ஒன்று மிச்சம் இருக்கிறது. அதற்காகத்தான் இத்தனையும் எழுதினேன்.

கோயிலுக்கு மாதாமாதம் பணம் போகும் ஏற்பாட்டை அடுத்த வாரம் எங்கள் கிளையில்தான் செய்துகொண்டார். அன்றிலிருந்து ஒவ்வொரு மாதமும் முதல் பிரதோஷத்துக்கு இரண்டு நாள் முன்பு தணிகாசலம் ஐயா வருவார். பாஸ்புக்கில் வரி போட்டுக்கொண்டு நேராக இந்த மேஜைக்கு வருவார். வரியின் மேல் நகத்தை வைத்து, "இது இன்னா?" என்பார். அவருக்குத் தெரியும். படிக்கவும் தெரியும்.

முதல் மாதம் நான், "உங்க கட்டளைங்கய்யா" என்றேன்.

"எது?"

"கோயிலுக்குப் போறது."

"யாரு பேர்ல?"

"மரகதம் அம்மா பேர்ல, பிரதோஷத்துக்கு."

"ம்" என்று பாஸ்புக்கை மூடிக்கொண்டு போனார். கோபமா, கேலியா, எனக்குப் பாடமா என்று ரொம்ப நாள் யோசித்தேன். இப்போது யோசிப்பதில்லை. ஒரு பெயரை இன்னொருவர் வாயால் கேட்க வேண்டும் என்று அவருக்கு இருக்கும்போலிருக்கிறது.

அடுத்த மாதம் நான் இருக்க மாட்டேன். வருவார், உங்களிடம் கேட்பார். திரையைப் பார்த்துவிட்டு, முழுசாகச் சொல்லுங்கள்.